யூஜினி வேலையை விடவில்லை

பதினெட்டு வருசம் ஒரே தொழிற்சாலையில் நின்று வேலை செய்த யூஜினிக்கு, அந்த வேலை எப்படிப் போனது என்று ஒரு வசனத்தில் சொல்ல வராது. மாதா கோயிலில் பூசை முடிந்து வரும்போது யாராவது கேட்டால், "அவை ஒஷாவாவுக்குப் போட்டினம், நான் இஞ்சை நிண்டிட்டன்" என்பாள். அதற்கு மேல் விளக்கப் போனால் களைத்துவிடும்.

மருந்துப் போத்தல்களுக்கு பிளாஸ்ரிக் மூடி செய்யும் இடம் அது. மெசின் மூடிகளைத் துப்பிக்கொண்டே இருக்கும். யூஜினி நின்றபடியே பழுதானவற்றைப் பொறுக்கி எறிந்து, நல்லதைப் பெட்டியில் அடுக்குவாள். கனடாவில், ஸ்காபரோவில் அவள் இருந்த அப்பாட்மென்ரிலிருந்து ஒரே பஸ். குளிர் காலத்தில்கூட முகத்தை மூடிக்கொண்டு போய் இறங்கினால் வாசல். அந்த ஒரு பஸ்ஸை நம்பித்தான் அந்த வீட்டின் மிச்சமெல்லாம் ஓடியது.

அவளுடைய கணவர் அருள்நாயகம் ஒரு பேக்கரிக்கு வான் ஓடிக்கொண்டிருந்தவர். சீனி வருத்தம் கண்ணில் இறங்கி, முதலில் இரவு ஓட முடியாமல் போய், பிறகு லைசென்ஸையே திருப்பிக் கொடுக்க வேண்டி வந்தது. இப்போது எதிரில் நிற்பவரின் உருவம் தெரியும், முகம் தெரியாது. ஒரே மகள் லக்சிகா கல்யாணம் கட்டிக் கல்கரிக்குப் போய்விட்டாள். யூஜினி கார் பழகவில்லை என்றில்லை. இரண்டு முறை லைசென்ஸ் ரெஸ்ற்றுக்குப் போனாள். இரண்டாம் முறை நடைபாதையில் காரின் ஒரு சில்லை ஏற்றிவிட்டாள். பக்கத்தில் இருந்த சோதனைக்காரர் ஒன்றும் சொல்லாமல் யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். அந்த மௌனத்துக்குப் பிறகு அவள் ஸ்ரியரிங்கைத் தொடவில்லை.

கட்டடத்து வாடகை கூடிவிட்டதென்று முதலாளி தொழிற்சாலையைக் கிழக்கே தூரத்தில் இருக்கும் ஒஷாவாவுக்குக் கொண்டுபோனார். ஒருவருக்கும் வேலை போகாது, எல்லாரும் வரலாம் என்று கூட்டம் வைத்துச் சொன்னபோது எல்லாரும் கை தட்டினார்கள். யூஜினியும் தட்டினாள். தட்டிக்கொண்டே, அங்கே எப்படிப் போவது என்று யோசித்தாள்.

றஜிதா இருந்தபடியால் முதலில் பிரச்சினை தெரியவில்லை. றஜிதா அதே லைனில் நிற்பவள், இளம் பிள்ளை, இரண்டு சின்னக் குழந்தைகளின் தாய். ஸ்காபரோவின் கிழக்கு ஓரத்தில், ரூஜ் பக்கத்தில் புது வீடு வாங்கியிருந்தாள். ரூஜில் இருக்கிறவள் ஒஷாவாவுக்குப் போக மேற்குப் பக்கம் வரவே தேவையில்லை. ஆனாலும் விடியப்புறம் எதிர்த்திசையில் காரை ஓட்டி வந்து, யூஜினியை ஏற்றிக்கொண்டு திரும்பிப் போவாள். பெற்றோல் காசு நீட்டினால் கையைத் தட்டிவிடுவாள். வெள்ளிக்கிழமைகளில் யூஜினி கொடுக்கும் இடியப்பப் பெட்டியை மட்டும் வாங்குவாள்.

தை மாத முடிவில் றஜிதாவைப் பின்னேர ஷிப்டுக்கு மாற்றினார்கள். யூஜினி காலை ஷிப்டில் நின்றாள். அன்றைக்கே அவள் சுப்பவைசரிடம் போய், தன்னையும் பின்னேரத்துக்கு மாற்றும்படி கேட்டாள். றஜிதாவும் பக்கத்தில் நின்றாள். லைன் நிரம்பிவிட்டது, இடமில்லை என்று அவர் சொன்னார்.

மறுநாள் யூஜினி பஸ்ஸில் போனாள். முதல் பஸ்ஸையே பிடித்து, இரண்டு இடத்தில் மாறி, கடைசி நிறுத்தத்தில் இறங்கினால், அங்கிருந்து தொழிற்சாலைக்கு நல்ல தூரம். நடைபாதை இல்லாத றோட்டு. ஒதுக்கிவிட்ட பனி ஒரு பக்கம், இரைந்துகொண்டு போகும் லொறிகள் மற்றப் பக்கம். ஒவ்வொரு லொறிக்கும் அவள் பனிக்குள் ஏறி நின்று, போனபிறகு இறங்கி நடந்தாள். போய்ச் சேர்ந்தபோது ஷிப்ட் தொடங்கி அரை மணித்தியாலத்துக்கு மேல் ஆகிவிட்டது. அடுத்த நாளும் அப்படித்தான். மூன்றாம் நாள் சுப்பவைசர், "நேரத்துக்கு வர முடியாவிட்டால் வந்து பிரயோசனமில்லை" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அவருக்கும் களைப்பு.

யூஜினி அதை, இனி வரவேண்டாம் என்றுதான் விளங்கிக்கொண்டாள். லொக்கரில் இருந்த சப்பாத்தையும் தண்ணிப் போத்தலையும் பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தாள்.

வேலையில்லாக் காப்புறுதிக்கு எழுதிப்போட வேண்டும் என்று அருள்நாயகம்தான் சொன்னார். சம்பளத்தில் இத்தனை வருசமாக அதற்கென்று வெட்டிக்கொண்டுதானே வந்தார்கள். ஈ.ஐ. என்று ஊரெல்லாம் சொல்வது அதைத்தான். மகள் விட்டுவிட்டுப் போன பழைய லப்ரொப்பைக் குசினி மேசையில் வைத்து இருவரும் குந்தினார்கள். அருள்நாயகத்துக்கு இங்கிலீஷ் தெரியும், கண் தெரியாது. யூஜினிக்குக் கண் தெரியும், தொழிற்சாலையில் பேசும் இங்கிலீஷுக்கு மேல் தெரியாது. அவள் எழுத்துக்கூட்டி வாசிக்க, அவர் பொருள் சொல்ல, அவள் ஒற்றை விரலால் அடிக்க, ஒரு பக்கத்தைத் தாண்டுவதற்குள் திரை தானாக மூடிக்கொள்ளும். மறுபடி முதலிலிருந்து.

தொழிற்சாலை அரசாங்கத்துக்கு அனுப்பிய வேலைப் பதிவும் அந்தத் திரையிலேயே வந்தது.

"இதிலை வேலை நிண்டதுக்கான காரணம் எண்டு ஒரு சொல்லு இருக்கு" என்றாள் யூஜினி.

"எழுத்துக்கூட்டும்."

"கியூ... யூ... ஐ... ரீ."

அருள்நாயகம் திரைக்குக் கிட்டக் குனிந்தார். பிறகு, "வடிவாப் பாரும், வேறை ஏதும் எழுத்து இருக்கோ?" என்றார்.

"இல்லை. நாலு எழுத்துத்தான்."

"நீராத்தான் வேலையை விட்டனீர் எண்டு குடுத்திருக்கிறாங்கள்."

யூஜினி திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். "நான் விடேல்லையே" என்றாள், சுப்பவைசர் எதிரில் நிற்பது மாதிரி.

தானாக வேலையை விட்டவருக்குத் தகுந்த காரணம் இல்லாவிட்டால் காப்புறுதி கிடையாது. சில கிழமைகளில் கடிதமும் அப்படியே வந்தது. அதையும் எழுத்துக்கூட்டி வாசித்தார்கள். ஒரு மாதத்துக்குள் மறுபரிசீலனை கேட்கலாம் என்று அடியில் இருந்தது. அருள்நாயகம் சொல்லச் சொல்ல யூஜினி நடந்ததையெல்லாம் எழுதினாள். றோட்டைப் பற்றியும் லொறிகளைப் பற்றியும் அவள் நிறையச் சொல்ல விரும்பினாள். அவர், "உது அவைக்குத் தேவையில்லை. ஷிப்ட் மாத்தித் தரச் சொல்லிக் கேட்டனீர், அவையள் மாட்டன் எண்டவை. அதுதான் முக்கியம். பக்கத்திலை ஆரும் நிண்டவையோ?" என்று கேட்டார்.

"றஜிதா நிண்டவள்."

"பிறகென்ன. அவளை ஒரு வசனம் எழுதித் தரச் சொல்லும்."

அவருக்கு அது அவ்வளவு லேசாக இருந்தது. யூஜினிக்கு றஜிதாவைக் கூப்பிட நாலைந்து நாள் எடுத்தது. கடைசியில் ஒரு சனிக்கிழமை தமிழ்க் கடையின் வாகனத் தரிப்பிடத்தில் சந்தித்தார்கள். றஜிதா என்ஜினை நிறுத்தாமல் ஹீற்றரைப் போட்டுவிட்டு, பக்கத்துச் சீற்றில் இருந்த பிள்ளைகளின் தொப்பிகளைத் தூக்கிப் பின்னுக்கு எறிந்தாள். யூஜினி ஏறி இருந்தாள். எத்தனையோ விடியப்புறம் இருந்த அதே சீற்.

விசயத்தைச் சொன்னதும் றஜிதா ஸ்ரியரிங்கைப் பார்த்தபடி இருந்தாள்.

"யூஜினி அக்கா, நான் நிண்டனான்தான். அவன் சொன்னதைக் கேட்டனான்தான். இல்லையெண்டு சொல்லேல்லை."

"ஒரு வசனம் காணும் பிள்ளை."

"நான் அங்கை இன்னும் நிக்கிறன் அக்கா. பின்னேர ஷிப்டிலை ஆக்களைக் குறைக்கப் போறாங்களாம். இவருக்கும் இப்ப லொறி ஓட்டம் குறைவு. வீட்டுக் கடன் ஒருக்காத் தவறினாலும்..." அவள் முடிக்கவில்லை. "என்ரை பேர் ஒரு கடுதாசியிலை போச்செண்டா, கொம்பனிக்குத் தெரியாமல் இருக்குமே?"

"எனக்குத் தெரியேல்லை."

"எனக்கும் தெரியேல்லை. அதுதான் பயம்."

கோபம் வரும் என்று யூஜினி எதிர்பார்த்தாள். வரவில்லை. தன்னிடம் யாராவது பதினெட்டு வருசத்தில் இப்படிக் கேட்டிருந்தால், தானும் தொப்பியை எடுத்துப் பின்னுக்கு எறிந்திருப்பாள் என்றுதான் பட்டது. "சரி பிள்ளை, நீ யோசியாதை" என்று கதவைத் திறந்தாள். வீட்டில் விடட்டோ என்று றஜிதா கேட்டாள். கடையில் மரக்கறி வாங்க வேண்டும் என்று பொய் சொல்லிவிட்டு, கார் போகும்வரை கடைக்குள் நின்று, பிறகு பஸ்ஸில் போனாள்.

றஜிதாவின் வசனம் இல்லாமலே மறுபரிசீலனைக் கடிதத்தை அனுப்பினார்கள். காப்புறுதி அலுவலகத்திலிருந்து போன் எடுப்பார்கள், எப்போது என்று தெரியாது, இலக்கம் காட்டாது. அதனால் யூஜினி போனைக் குளியலறைக்குள்ளும் கொண்டுபோனாள். உடுப்புத் தோய்க்கக் கீழே போனால் அங்கே சிக்னல் இல்லையென்று ஓடி மேலே வருவாள். விளம்பரக்காரர்கள், மோசடிக்காரர்கள் எல்லாரோடும் மரியாதையாகக் கதைத்தாள், ஒருவேளை அலுவலகத்து ஆளோ என்று. கடைசியில் அந்த அழைப்பு வந்தபோது மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். கையைத் துடைத்துவிட்டு ஸ்பீக்கரில் போட்டாள். அருள்நாயகம் கதிரையை இழுத்துக்கொண்டு கிட்ட வந்தார்.

ஒரு பெண் பேசினாள். நிதானமான குரல். தமிழில் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமா என்று முதலிலேயே கேட்டாள். வேண்டாம், மெதுவாகப் பேசினால் போதும் என்றாள் யூஜினி. வேலை எத்தனை மணிக்குத் தொடங்கும், எந்த பஸ், எங்கே மாறுவது, வீட்டில் கார் இருக்கிறதா, வேறு யாரோடும் போக முடியாதா, ஒஷாவாவுக்கு வீடு மாறுவது பற்றி யோசித்தீர்களா? யூஜினி தனக்குத் தெரிந்த இங்கிலீஷில் எல்லாவற்றுக்கும் பதில் சொன்னாள். கணவரின் கண் டொக்ரர் இங்கேதான் இருக்கிறார் என்றும் சொன்னாள்.

"ஷிப்ட் மாற்றிக் கேட்டபோது வேறு யாராவது இருந்தார்களா?"

அருள்நாயகம் அவளுடைய கையைத் தொட்டார். சொல்லும் என்பது போல.

"ஒரு ஆள் இருந்தார்" என்றாள் யூஜினி. "அவர் இன்னும் அங்கே வேலை செய்கிறார். அவருக்குப் பயம். பேர் சொல்ல மாட்டேன்."

மறுமுனையில் தட்டச்சு அடிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. "சரி. அது உங்கள் விருப்பம். நான் கொம்பனியோடு பேசிவிட்டு எடுக்கிறேன்" என்றாள் அந்தப் பெண்.

போன் நின்றதும் அருள்நாயகம் வெடித்தார். "அவள் உமக்கு ஒரு வசனம் எழுதித் தரமாட்டாள். நீர் அவளுக்காக உள்ளதையும் கெடுத்துப்போட்டு இருக்கிறீர்."

"அவள் எனக்காக எத்தினை நாள் விடிய எழும்பினவள்."

"அதுக்கு?"

"அதுக்குத்தான்." யூஜினி மீனுக்குத் திரும்பினாள்.

அடுத்த கிழமை அந்தப் பெண்ணே மறுபடி எடுத்தாள். கொம்பனியோடு பேசியாகிவிட்டது, முடிவை மாற்றியிருக்கிறோம், விண்ணப்பித்த நாளிலிருந்து கணக்குப் பார்த்துக் காசு வரும் என்றாள். யூஜினிக்கு விளங்கியதா இல்லையா என்று அவளுக்கே தெரியவில்லை. "கொம்பனி என்ன சொன்னது?" என்று கேட்டாள்.

"உங்கள் சுப்பவைசரோடு பேசினேன். நீங்கள் ஷிப்ட் மாற்றிக் கேட்டதாகவும், தான் இடமில்லை என்று சொன்னதாகவும் அவரே சொன்னார்."

அத்தனை கிழமையும் அந்த மனிதனைத்தான் அவள் மனதுக்குள் திட்டிக்கொண்டிருந்தாள். கேட்டவுடன் உள்ளதைச் சொல்லியிருக்கிறார். முதலிலேயே யாரும் அவரைக் கேட்கவில்லை, அவ்வளவுதான். சந்தோசப்பட வேண்டிய நேரத்தில் யூஜினி கதிரையில் இருந்து காலை நீட்டிக்கொண்டாள். எழும்பித் தேத்தண்ணி வைக்கவும் உடம்பில் தெம்பில்லை. அன்றைக்கு அருள்நாயகம்தான் தடவித் தடவித் தேத்தண்ணி போட்டார்.

காசு வரத் தொடங்கியது. ஆனால் எடுத்ததைவிட வைத்திருப்பதுதான் கூடின வேலை என்று அவளுக்கு மெல்ல விளங்கியது. இரண்டு கிழமைக்கு ஒருமுறை போனில் அறிக்கை கொடுக்க வேண்டும். பதிவுசெய்த குரல் ஒன்று கேட்கும்: வேலை செய்தாயா, படித்தாயா, நாட்டுக்கு வெளியே போனாயா, ஒவ்வொரு நாளும் வேலைக்குத் தயாராக இருந்தாயா? அருள்நாயகத்துக்குக் கேள்விகள் பாடமாகிவிட்டன. குரல் முடிக்குமுன் அவர் முடிப்பார். இடையில் வேலையும் தேட வேண்டும். எங்கெங்கே கேட்டாள், யார் என்ன சொன்னார்கள் என்று ஒரு கொப்பியில் குறித்து வைத்திருக்க வேண்டும். வேலை எடுத்துக் கொடுக்கும் ஏஜென்சிகளில் இருந்த பிள்ளைகள் அவளுடைய வயதைக் கேட்கவில்லை. முகத்தைப் பார்த்துவிட்டு, "தூக்குவீர்களா?" என்று கேட்டார்கள். தூக்குவேன் என்றாள். போன் எடுத்துச் சொல்வதாகச் சொன்னவர்கள் எடுக்கவில்லை.

வைகாசியில் அருள்நாயகத்துக்குக் கண்ணில் ஊசி போட்டார்கள். புதன்கிழமை முழுநாளும் ஆஸ்பத்திரியில். அந்தக் கிழமை அறிக்கையில், ஒவ்வொரு நாளும் தயாராக இருந்தாயா என்று குரல் கேட்டபோது யூஜினியின் விரல் போனுக்கு மேல் நின்றது.

"ஓம் எண்டு அமத்தும்" என்றார் அவர். "எல்லாரும் உப்பிடித்தான்."

"புதன்கிழமை ஆரும் வேலைக்கு வரச் சொல்லிக் கூப்பிட்டிருந்தா, உங்களை அந்த ஆஸ்பத்திரி வாங்கிலை விட்டிட்டுப் போயிருப்பனோ?"

"கூப்பிடேல்லைத்தானே."

"போயிருக்க மாட்டன்" என்றாள் அவள். இல்லை என்பதற்கான இலக்கத்தை அமத்தினாள்.

அவளைப் புனித அந்தோனியார் என்று நினைத்துவிடக்கூடாது. பேருந்தில் ரிக்கற் எடுக்காமல் போன நாட்களும் உண்டு. ஆனால் செய்யாத ஒன்றைச் செய்தாள் என்று ஒருமுறை எழுதியதை அழிப்பதற்கே இவ்வளவு பாடு. இன்னொரு முறை அந்த வாசலுக்குப் போக அவளால் ஏலாது.

அந்த ஒரு நாளை மட்டும் கழிப்பார்கள் என்று நினைத்தாள். முழுதையும் நிறுத்திவைத்தார்கள், ஒருவர் எடுத்து விசாரிக்கும்வரை. மறுபடி போன் குளியலறைக்குள் போனது. வாடகைக்குக் கல்கரியிலிருந்து லக்சிகா அனுப்பினாள். அம்மா இதெல்லாம் யாருக்காகச் செய்கிறாய் என்று அழுதாள். மூன்றாம் கிழமை விசாரித்து, அந்த ஒரு நாளைக் கழித்து, மிச்சக் காசை அனுப்பினார்கள்.

அடுத்த ஊசிக்கு வேறு ஒழுங்கு செய்தாள். அதே மாடியில் இருந்த, ஜோசப்பின் என்ற பேருடைய அன்ரி, வேலையிலிருந்து ஓய்வு எடுத்தவர், அருள்நாயகத்தைக் கூட்டிக்கொண்டு போனார். யூஜினி வீட்டில் இருந்தாள், வேலைக்குத் தயாராக. சமைத்து முடித்து, போனை மேசையில் வைத்து, அதன் எதிரில் கதிரையில் இருந்தாள். ஒருவரும் எடுக்கவில்லை. கணவர் ஒரு கண்ணை மூடிக் கட்டிக்கொண்டு, வேறொருத்தியின் கையைப் பிடித்தபடி வந்து நின்றபோது, அவளுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே அழுதாள்.

"என்ன, வேலைக்குக் கூப்பிட்டவங்களோ?" என்று கேட்டார் அருள்நாயகம்.

"கூப்பிடேல்லை."

"அப்ப நாளைக்கு என்னோடை இரும்."

றஜிதாவை இடையில் ஒருமுறை கோயிலில் கண்டாள். பிள்ளைகளைக் காரில் ஏற்றிவிட்டுத் திரும்பி வந்து யூஜினிக்கு முன்னால் நின்றாள்.

"கிடைச்சுதோ அக்கா?"

"ஓம் பிள்ளை, கிடைச்சுது."

"என்ரை பேரை..."

"நான் சொல்லேல்லை."

றஜிதா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். பின்னால் நின்ற கார் ஹோன் அடித்தது. "வாறன் அக்கா" என்று ஓடினாள். அதற்குப் பிறகு அவள் பின்னேரப் பூசைக்கு மாறிவிட்டாளென்று கேள்வி. யூஜினியும் போன் எடுக்கவில்லை. எடுத்தால் என்ன கதைப்பது என்று தெரியவில்லை.

காப்புறுதி முடிய இன்னும் கொஞ்சக் காலம் இருக்கையில், ஜோசப்பின் அன்ரியின் மருமகள் மூலமாக ஒரு வேலை வந்தது. வயோதிபர் இல்லம் ஒன்றின் சமையலறையில், தட்டுக்களைக் கொண்டுபோய்க் கொடுத்து, சாப்பிட்டபின் எடுத்துக் கழுவும் வேலை. முந்தின சம்பளத்திலும் குறைவு. ஒரே பஸ் இல்லை, இரண்டு. ஆனால் ஷிப்ட் தொடங்குமுன் போய்ச் சேரலாம். முன்கூட்டியே ஒருநாள் பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டு வந்துதான் ஓம் என்றாள்.

கடைசி அறிக்கையில் முழுநேர வேலை தொடங்கினாயா என்று குரல் கேட்டது. ஓம் என்று அமத்தினாள். நன்றி என்று சொல்லிவிட்டுக் குரல் நின்றது. இன்னும் ஏதாவது கேட்கும் என்று கொஞ்ச நேரம் போனைக் காதில் வைத்திருந்தாள்.

"முடிஞ்சுதே?" என்றார் அருள்நாயகம்.

"முடிஞ்சுது."

"அவ்வளவுதானோ?"

"அவ்வளவுதான்."

புது வேலையில் கால் வேறு விதமாக நொந்தது. முந்தி ஒரே இடத்தில் நின்ற கால், இப்போது நாள் முழுக்க நடந்தது. முதல் கிழமை முடிந்த வெள்ளிக்கிழமை பின்னேரம் வீட்டுக்கு வந்து, கோட்டைக் கழற்றாமலே சோபாவில் இருந்தாள். அருள்நாயகம் ரேடியோவில் செய்தி கேட்டுக்கொண்டிருந்தார்.

"இண்டைக்கு அந்தச் சனத்துக்கு என்ன சாப்பாடு?" என்று கேட்டார்.

"உருளைக்கிழங்கு மசியல். கோழி. ஒரு கிழவர் தட்டைத் தள்ளிப்போட்டார். பேந்து நான் கொஞ்ச நேரம் கிட்ட நிண்டனான், சாப்பிட்டவர்."

"என்னவாம், உப்புக் காணாதாமோ?"

அவர் கோழியைப் பற்றியும், பேக்கரியிலிருந்து தான் பாண் கொண்டுபோய்க் கொடுத்த இப்படி ஒரு இல்லத்தைப் பற்றியும் கொஞ்ச நேரம் சொல்லிக்கொண்டிருந்தார். மூச்சுச் சத்தத்தில்தான் அவள் நித்திரையாகிவிட்டாள் என்று தெரிந்தது. கையை நீட்டித் தடவி ரேடியோவைக் குறைத்தார்.